அரியணைக்குப் பின்னே அட்டை

அச்சத்துக்கு உயரம் உண்டு, அகலம் உண்டு, நீளம் உண்டு. அதை அடிக்கணக்கில் அளந்து, தாளில் வரைந்து, மரத்தாலும் சாந்தாலும் கட்டி முடித்து, மேலே வண்ணமும் பூசிவிடலாம். கற்பனை பேசுகிறேன் என்று எண்ணிவிடாதீர்கள். செய்தே காட்டினார் ஒருவர். ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் அதையே தொழிலாகக் கொண்டு வாழ்ந்தார். அவர் முடிமன்னர் அல்லர், மதகுரு அல்லர், படைத்தலைவரும் அல்லர். திரைப்படங்களுக்கு அரங்கு அமைத்துத் தந்த கலை இயக்குநர். பெயர் கென் ஆடம்.

படம் பார்த்துவிட்டு வெளியே வருகிறோம். நடிகரைப் புகழ்கிறோம், பாட்டை முணுமுணுக்கிறோம், உரையாடலைச் சொல்லிச் சொல்லி மகிழ்கிறோம். அந்த நடிகர் நின்றாரே ஒரு மண்டபம், அதைக் கட்டியவர் யார் என்று கேட்டதுண்டா? கேட்பதில்லை. கேட்காமல் இருக்கிறோமே, அதுதான் கட்டியவரின் வெற்றி! கட்டியவன் ஒருவன் உண்டு என்ற நினைப்பே எழாதபோது, கட்டப்பட்டது இயற்கையாகிவிடுகிறது. மலையைப்போல, கடலைப்போல, என்றும் இருந்தது, என்றும் இருக்கப்போவது என்று தோன்றிவிடுகிறது.

இது திரைக்கு மட்டும் பொருந்தும் உண்மையா, தோழர்களே! அரண்மனைக்கும் பொருந்தும், ஆணை பிறக்கும் அலுவலகத்துக்கும் பொருந்தும். ஆகவேதான் அந்தக் கலைஞரின் வாழ்க்கையைச் சற்று விரிவாகவே சொல்ல விழைகிறேன்.

இத்தொழிலுக்கு நான் முற்றிலும் அயலவன் அல்லன். ஓவிய ஆசிரியர் வேலை கிடைக்கும் முன்னர், 1974-இல், சென்னையில் ஒரு படப்பிடிப்பு நிலையத்தில் எட்டுத் திங்கள் கூலி வேலை பார்த்தேன். அச்சு வார்க்கும் கொட்டகையில் எடுபிடி. களிமண்ணில் உருவம் பிடிப்பார்கள். அதன்மேல் அச்சு எடுப்பார்கள். சணல் நாரைப் பிளாஸ்டரில் தோய்த்து அச்சினுள் அப்புவோம். காய்ந்ததும் தட்டிக் கழற்றினால், கருங்கல் தூணின் பாதி உடல் வெளியே வரும். யானை கட்டினாலும் அசையாது என்று தோன்றும் அத்தூணை, இருவர் தோளில் வைத்துக்கொண்டு தேநீர்க் கடையைக் கடந்து பேசிக்கொண்டே நடப்போம்!

ஒருநாள் அரசவை அரங்கு ஒன்று எழுந்தது. படிக்கட்டு, மேடை, அரியணை எல்லாம் எங்கள் கைவேலை. பலகையில் அறைந்த ஆணி எத்தனை என்பதுகூட எங்களுக்குத் தெரியும். விளக்குப் பிரிவுத் தொழிலாளி ஒருவர், கம்பியை இழுத்துக்கொண்டு மேடை மீது ஏற வந்தார். ஏறுமுன் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தார்!

மேஸ்திரி சிரித்துவிட்டார். "ஏனப்பா, நேற்று நாம் அடித்த பலகைதானே அது?" என்றார்.

"தெரியும், மேஸ்திரி. ஆனாலும் கால் கேட்கவில்லை" என்றார் அவர்.

அறிவு அறிந்துவிட்டது, கால் அறியவில்லை. பகுத்தறிவு பேசுவோர் அனைவரும் மனத்தில் பொறித்துக்கொள்ள வேண்டிய பேச்சு அது. மேடையில் நின்று ஆயிரம் வாதம் அடுக்குகிறோம், கேட்பவர் தலையசைக்கிறார், ஆனால் அவருடைய கால்? தலைமுறை தலைமுறையாகப் பணிந்து பழகிய அந்தக் கால், உயர்ந்த படியைக் கண்டதும் தானாகவே தயங்குகிறது. அதற்குக் கல்வி புகட்டுவது எப்படி? இந்தக் கேள்வியைச் சுமந்துகொண்டுதான் கென் ஆடம் என்ற மனிதரிடம் வந்து சேர்ந்தேன்.

1921-ஆம் ஆண்டு பெர்லின் நகரில் பிறந்தவர் அவர். இயற்பெயர் கிளவுஸ் ஹ்யூகோ ஆடம். யூதக் குடும்பம். தந்தை முதல் உலகப் போரில் செர்மன் குதிரைப் படையில் பணியாற்றி, வீரத்துக்கான இரும்புச் சிலுவை பெற்றவர்; பெர்லினில் பெயர் பெற்ற விளையாட்டு உடைக் கடை ஒன்றின் பங்காளி. நாட்டுக்காக இரத்தம் சிந்த முன்வந்தவர்தான். ஆனால் 1933-இல் இட்லர் ஆட்சிப் பீடம் ஏறியதும், சிலுவையை எவர் பார்த்தார்? பிறப்பைப் பார்த்தனர்! கடை போயிற்று, நாடும் போயிற்று. 1934-இல் குடும்பம் இங்கிலாந்துக்குப் புலம்பெயர்ந்தது. பையனுக்கு வயது 13.

அதே ஆண்டில் அந்த நாட்டில் வேறொரு காட்சி அரங்கேறியது. அதையும் சொல்லியாக வேண்டும். இல்லையேல் ஆடம் பிற்காலத்தில் கட்டியவற்றின் பொருள் விளங்காது. நியூரம்பர்க் நகரில் நாசிக் கட்சியின் மாநாடு. இரவு. திடலைச் சுற்றி நூற்றுக்கும் மேற்பட்ட விமான எதிர்ப்புத் தேடொளி விளக்குகள் வானை நோக்கி நட்டுவைக்கப்பட்டன. ஒளிக்கதிர்களே தூண்களாகி, இருள் வானமே கூரையாகி, திடல் ஒரு மாபெரும் கோயிலாயிற்று! ஆயிரமாயிரம் பேர் மெய்ம்மறந்தனர். அமைத்தவர் ஆல்பர்ட் ஸ்பீர் என்ற கட்டடக் கலைஞர்.

இரவில் ஏன் நடத்தினார்? பின்னாளில் தன் நினைவுக் குறிப்பில் அவரே எழுதி வைத்தார். கட்சியின் சிறுசிறு அதிகாரிகள் பதவியில் அமர்ந்து கொழுத்துத் தொந்தி வளர்த்திருந்தனராம். பகலில் அணிவகுத்தால் பார்க்கச் சகிக்கவில்லை. ஆகவே இருட்டில் நடக்கட்டும் என்றாராம்! தொந்தியை மறைக்க இருட்டு; இருட்டை அழகாக்க ஒளி; ஒளியைக் கண்டு மயங்க ஒரு நாடு! அந்த மயக்கத்தின் விலை 60 லட்சம் யூதர்களின் உயிர். மற்றவர் கணக்கு வேறு.

அதே ஸ்பீர் 1939-இல் இட்லருக்கு ஒரு புதிய ஆட்சி மாளிகை கட்டி முடித்தார். வாயிலிலிருந்து தலைவனின் அறைக்குச் செல்ல 146 மீட்டர் நீளக் கூடம். பிரான்சு நாட்டு வெர்சாய் அரண்மனையின் கண்ணாடிக் கூடத்தைப்போல் இரு மடங்கு. தரையோ வழவழவென்று மெருகேற்றிய சலவைக்கல். அயல்நாட்டுத் தூதர் அதன்மீது வழுக்கிவிடுமோ என்று அஞ்சியஞ்சி அடியெடுத்து வைக்க வேண்டும். அறையை அடைவதற்குள் பாதி ஆள் ஆகிவிட வேண்டும். அதுதான் திட்டம். கூடத்தின் நீளமும் தரையின் வழுக்கலும் அங்கே அரசியல் கருவிகள்!

ஆடம் குடும்பம் இலண்டனில் வறுமையைக் கண்டது. தாய் தங்கும் விடுதி நடத்தினார். 1936-இல் தந்தை இறந்தார். பையனுக்குத் திரைப்படத்தின் மீது நாட்டம். புகழ்பெற்ற கலை இயக்குநர் வின்சென்ட் கோர்டா, "திரைக்கு அரங்கு அமைக்க வேண்டுமானால், முதலில் கட்டடக் கலை பயில்" என்ற கருத்தில் அறிவுரை தந்தார். பகலில் ஒரு கட்டட நிறுவனத்தில் பயிற்சி. மாலையில் கல்லூரி வகுப்பு. போர் மூண்டபோது அவர் வரைந்தவை பாதுகாப்புப் பதுங்கறைகள். குண்டு விழுந்தால் தாங்குமா, தாங்காதா என்று கணக்குப் போட்டு வரைந்த அந்தக் கை, பிற்காலத்தில் அதே பதுங்கறையை வேறொரு நோக்கத்துக்காக வரைந்தது. அதை அடுத்துக் காண்போம்.

பிறகு பிரிட்டிஷ் வான்படையில் சேர்ந்தார். டைஃபூன் வகைப் போர் விமானம் ஓட்டினார். செர்மனியில் பிறந்து அப்படையில் போர் விமானம் ஓட்டியோர் விரல்விட்டு எண்ணத்தக்கவரே; அவர்களில் அவர் தம்பியும் ஒருவர். பகைவர் கையில் சிக்கினால் போர்க் கைதியாகவும் கருதமாட்டார்கள். துரோகி என்று கொன்றுவிடுவார்கள். அது தெரிந்தே பறந்தார்.

போர் முடிந்தது. 1948-இல் வெளிவந்த ஒரு படத்தில் வரைபடக்காரராகத் தொழில் தொடங்கினார். 1956-இல் வெளிவந்த 'எண்பது நாளில் உலகைச் சுற்றி' என்ற படத்துக்கு வேலை செய்தபோது, வில்லியம் கேமரான் மென்சீஸ் என்ற மூத்த மேதையின் பழக்கம் வாய்த்தது. 1939-இல் வந்த 'கான் வித் த விண்ட்' படத்துக்காகப் 'புரொடக்‌ஷன் டிசைனர்' என்ற பட்டத்தை முதன்முதலாகப் பெற்றவர் அவர். அறைக்கலன் அடுக்குபவன் அல்லன் கலை இயக்குநன். படத்தின் முழுத் தோற்றத்தையும் சிந்திப்பவன் என்ற கொள்கை அந்தப் பட்டத்தோடு பிறந்தது.

1962. 'டாக்டர் நோ' என்னும் முதல் ஜேம்ஸ்பாண்ட் படம். சிறிய முதலீடு, அரங்குகளுக்கு ஒதுக்கியதோ அதிலும் சிறிய தொகை. பணம் தீரும் வேளையில் ஓர் அறை பாக்கி. வில்லன் தன் கையாளை அழைத்து மிரட்டும் அறை. ஆடம் என்ன செய்தார்? வெறுமையான அறை. சரிந்து இறங்கும் கூரை. கூரையில் வட்டமாக ஒரு பெரிய துளை. அதில் குறுக்கும் நெடுக்குமாகக் கம்பிகள். துளை வழியே விழும் ஒளி, கம்பிகளின் நிழலைத் தரையெங்கும் வலையாக விரிக்கிறது. ஒரே ஒரு நாற்காலி. வில்லனைக் காட்டுவதே இல்லை. குரல் மட்டும் எங்கிருந்தோ வருகிறது. அமர்ந்தவன் நடுங்குகிறான், பார்க்கும் நமக்கும் நடுக்கம். ஆள் இல்லை, ஆயுதம் இல்லை. ஒரு துளையும் ஒரு விளக்கும்! அவ்வளவுதான் அச்சத்தின் அடக்கவிலை!

அந்தக் காட்சியை முதன்முறை கண்டபோது எனக்கு அது புதிதாகத் தெரியவில்லை. என் தந்தை உழவர். நான் பத்து வயதுச் சிறுவனாக இருந்தபோது, எங்கள் வட்டாரத்தில் ஓர் அலுவலகத்துக்கு நிலத் தகராறு பற்றிய மனுவோடு சென்றார். நானும் உடன் சென்றேன். நீண்ட கூடம். எதிர்க்கோடியில் உயர்ந்த மேடை, மேடைமேல் மேசை, மேசைக்குப் பின்னே பெரிய சன்னல். வெயில் முழுதும் அந்தச் சன்னல் வழியே வந்தது. அதிகாரியின் முகம் எங்களுக்குத் தெரியவில்லை. எங்கள் முகம் அவருக்கு நன்றாகத் தெரிந்தது. வீட்டில் ஒருமுறைக்குப் பத்துமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்த பேச்சை, என் தந்தை அங்கே மறந்துவிட்டார். ஊரில் ஒன்பது பேர் நடுவே நிமிர்ந்து வாதாடுகிறவர், துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, "அய்யா பார்த்துச் செய்ய வேண்டும்" என்ற ஒரே சொற்றொடரோடு திரும்பினார். அதிகாரி கடுமையாக ஒன்றும் பேசவில்லை. பேசத் தேவையில்லை, கூடமே பேசிவிட்டது!

பல ஆண்டுகள் கழித்து, அதே கூடத்தில் பள்ளிப் பிள்ளைகளின் ஓவியக் கண்காட்சி நடந்தது. படங்களை மாட்டும் பொறுப்பு எனக்கு. அளவு நாடாவோடு சென்றேன், மேடையையும் அளந்தேன். எவ்வளவு தெரியுமா? ஒன்பது அங்குலம்! ஓர் உழவரின் நாவை அடக்கிய உயரம், முழுதாக ஓர் அடிகூட இல்லை.

மீண்டும் ஆடமிடம் வருவோம். 'டாக்டர் நோ' படத்தைக் கண்டு வியந்த இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக் அவரை அழைத்தார். 1964-இல் வெளிவந்த 'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்' படம். புத்தி பேதலித்த ஒரு தளபதி அணுகுண்டு விமானங்களை இரஷ்யா மீது ஏவிவிடுகிறான். உலகம் அழியுமா, பிழைக்குமா என்று அமெரிக்க அதிபரும் தளபதிகளும் கூடிப் பேசுகிறார்கள். அவர்கள் கூடும் போர் மன்றம் வேண்டும். அப்படி ஒரு மன்றத்தின் உட்புறத்தை ஆடம் கண்டதில்லை, காட்டுவாரும் இல்லை.

முதலில் இரண்டடுக்கு மண்டபம் வரைந்தார். குப்ரிக் மகிழ்ந்தார், வேலையும் தொடங்கியது. சில வாரம் சென்றதும், "மேல் அடுக்கில் அத்தனை பேரும் என்ன செய்துகொண்டிருப்பார்கள்? வேறு வரையுங்கள்" என்ற முடிவுக்கு வந்துவிட்டார் குப்ரிக்! மனம் நொந்த ஆடம் மறுபடி கோடு கிழித்தார். இம்முறை பிறந்தது முக்கோணம். சாய்ந்து எழும் சுவர்கள் மேலே சென்று ஒன்றையொன்று தாங்க, காங்கிரீட் பதுங்கறைபோல ஒரு மாமண்டபம். இளமையில் கணக்குப் போட்டு வரைந்த பதுங்கறை இங்கே வந்து நின்றது! இலண்டனை அடுத்த ஷெப்பர்டன் படப்பிடிப்பு நிலையத்தில் ஏறத்தாழ 130 அடி நீளம், 100 அடி அகலம், 35 அடி உயரத்தில் எழுந்தது. சுவரில் மாபெரும் உலகப் படங்கள். அவற்றில் விமானங்களின் வழியைக் காட்டும் ஒளிப்புள்ளிகள். நடுவே 22 அடி விட்டமுள்ள வட்ட மேசை. மேசைக்கு நேர்மேலே ஒளி வளையம். தரையோ கன்னங்கரேலென்று மின்னும் மெருகு.

மேசை மீது பச்சைத் துணி விரிக்கச் சொன்னார் குப்ரிக். படமோ கறுப்பு வெள்ளை; பச்சையை எவர் காணப் போகிறார்? நடிகர் காண்பார்! சீட்டாட்ட மேசைக்கு விரிப்பது அத்தகைய துணி. உலகத்தின் உயிரைப் பந்தயமாக வைத்துச் சூதாடுகிறோம் என்ற உணர்வு, அமர்ந்த நடிகர் நெஞ்சில் ஊற வேண்டும் என்பதற்காக அந்த ஏற்பாடு. காணாத நிறமும் வேலை செய்கிறது பாருங்கள்!

இப்போது எண்ணிப் பாருங்கள். அந்த மண்டபத்துக்குள் யாரை உலவவிட்டார்கள்? பெருமூளைக்காரர்களையா? இல்லை! தொலைபேசியில் குழந்தையைத் தேற்றுவதுபோல் இரஷ்யத் தலைவரைத் தேற்றும் அதிபரை. தூதரோடு கட்டிப்புரளும் தளபதியை! அந்தத் தளபதியாக நடித்த ஜார்ஜ் சி. ஸ்காட், உணர்ச்சி பொங்கப் பேசிக்கொண்டே நடக்கையில் கால் இடறி உருண்டு எழுகிறார், பேச்சோ நிற்கவில்லை. குப்ரிக் அதை வெட்டாமல் படத்தில் விட்டுவைத்தார். ஸ்பீரின் மெருகுத் தரை, வந்தவனை நடுங்க வைப்பதற்காக. ஆடத்தின் மெருகுத் தரையிலோ விழுந்தவன் அதிகாரி! ஒரே கலை, ஒரே வழவழப்பு, ஆனால் யாருக்காக என்பதில் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு. மண்டபம் பெரிதாகப் பெரிதாக, உள்ளே நிற்கும் மனிதர்களின் சிறுமை தெளிவாகத் தெரிகிறது. திரைப்படச் சங்கம் ஒன்றின் இருட்டில் அமர்ந்து அதைக் கண்டபோது நான் வாய்விட்டுச் சிரித்தேன். அறுபது பேரும் சிரித்தனர். கால் பெறும் கல்வி அந்தச் சிரிப்பில் தொடங்குகிறது என்பேன்.

அதே 1964-இல் 'கோல்ட்ஃபிங்கர்'. அமெரிக்க அரசின் தங்கக் கிடங்கான ஃபோர்ட் நாக்ஸின் உட்புறம் வேண்டும். உள்ளே நுழைய எவருக்கும் உரிமை கிடையாது. உண்மையில் தங்கத்தை மிக உயரமாக அடுக்க முடியாது, எடை தாங்காது. ஆடமோ கம்பிகளுக்குப் பின்னே அண்ணாந்து பார்க்கும் உயரத்துக்கு அடுக்கினார், தங்கத்தின் கோயில்! படம் வெளிவந்ததும், உங்களை மட்டும் உள்ளே விட்டது எப்படி என்று கேட்டு மடல்கள் குவிந்தனவாம். அவரே சொல்லி மகிழ்வார். மெய்யைக் கண்டிராத மக்கள், பொய்யைக் கண்டு இதுதான் மெய் என்றனர். நாம் காண முடியாதபடி பூட்டி வைத்திருக்கும் எதைப் பற்றியும் நம் நெஞ்சில் இருக்கும் உருவம், வேறு யாரோ வரைந்து கொடுத்ததே!

1967-இல் எரிமலைக்குள் ஏவுகணைத் தளம். பைன்வுட் நிலையத்தின் திறந்தவெளியில் 700 டன் உருக்கு கொண்டு கட்டினார்கள். செலவு ஏறத்தாழ 10 லட்சம் டாலர். 'டாக்டர் நோ' முழுப் படத்துக்கும் ஆன தொகை அது. ஹெலிகாப்டர் மேலிருந்து உள்ளே இறங்கும். படத்தின் முடிவில் அத்தனையும் வெடித்துச் சிதறும்.

நண்பர் ஒருவர் என்னிடம் வாதாடினார். "அய்யா, இந்த வில்லன் மாளிகைகளைக் கண்டு எவன் திருந்தினான்? இப்படி ஒரு மாளிகை நமக்கு இல்லையே என்றுதான் ஏங்குகிறான். அச்சத்துக்கு அழகு சேர்த்தவர்தானே உங்கள் ஆடம்?" என்றார். வாதத்தில் வலு உண்டு, மறுக்கமாட்டேன். எரிமலைத் தளத்தில் கேலி குறைவு, கவர்ச்சி மிகுதி. கலைஞர் கையில் இருப்பது கத்தி. அறுவைக்கும் பயன்படும், அலங்காரமாகவும் தொங்கும். ஆனால் ஒன்றை எண்ண வேண்டும். ஸ்பீர் தன் அரங்கை அரங்கு என்று சொல்லவில்லை. ஆடமோ படத்தின் தொடக்கத்திலேயே தன் பெயரைப் போட்டுக்கொண்டார். இது கட்டப்பட்டது, கட்டியவன் நான் என்ற அறிவிப்பு அது. ஏமாற்றுக்கும் கலைக்கும் நடுவே உள்ள வேலி, அந்த ஒற்றை வரிதான்.

அந்த வரியில் இடம் பெறாத பெயர்களும் உண்டு. 700 டன் உருக்கை ஏற்றியவர், சாந்து பூசியவர், சாரத்தில் தொங்கியவர். கோடு வரைபவன் ஒருவன். அதைச் சுவராக்குபவர் நூறு பேர். அச்சுக் கொட்டகையில் நின்றவன் என்ற முறையில் இதைச் சொல்லாமல் விட எனக்கு மனம் இல்லை.

பின்னாளில் குப்ரிக்கின் 'பேரி லிண்டன்' படத்துக்காக மீண்டும் உழைத்தார். அரங்கு வேண்டாம், உண்மையான பழைய மாளிகைகளே வேண்டும் என்றார் இயக்குநர். மாளிகை மாளிகையாக அலைந்து, இடைவிடா உழைப்பால் மனம் நைந்து மருத்துவமனை வரை சென்றார் ஆடம். அந்தப் படமே அவருக்கு முதல் ஆஸ்கரைத் தந்தது. 1994-இல் வந்த 'த மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்' இரண்டாவதைத் தந்தது. மன்னன் ஒருவன் சித்தம் கலங்கும் கதை அது! 2003-இல் இங்கிலாந்து அவருக்கு 'சர்' பட்டம் அளித்தது; அவருடைய துறையில் அதைப் பெற்ற முதல்வர் அவர்தான். 2012-இல் தன் ஓவியங்களை எல்லாம் பெர்லின் திரைப்படக் காப்பகத்துக்கு வழங்கினார். ஓடிப்போ என்று விரட்டிய நகரத்துக்கு, ஆயிரக்கணக்கான தாள்களாகத் திரும்பி வந்தார்! 2016-இல், 95-ஆம் வயதில், இலண்டனில் மறைந்தார்.

ஸ்பீர் கட்டிய மாளிகை இன்று இல்லை. போரில் சிதைந்தது, பிறகு இடித்துத் தள்ளப்பட்டது. ஆடம் கட்டிய போர் மன்றமும் இல்லை. படப்பிடிப்பு முடிந்ததும் பிரித்துவிட்டார்கள். ஒன்று சலவைக்கல், மற்றொன்று ஒட்டுப்பலகை. ஆயிரம் ஆண்டு நிற்கும் என்று சொல்லப்பட்டதும், சில வாரத்துக்கென்றே கட்டப்பட்டதும் ஒரே கதியை அடைந்தன. எஞ்சி நிற்பது எது? அதிகாரத்தைப் பார்த்துச் சிரிக்கக் கற்றுக் கொடுத்த அந்த ஒன்றரை மணி நேரப் படம்!

இளைஞர்களே! உயர்ந்த மேடை, நீண்ட கூடம், கண்ணைக் கூசவைக்கும் ஒளி, இவை எங்கே எதிர்ப்பட்டாலும் ஒரு நொடி நில்லுங்கள். நெஞ்சு படபடக்கும், படபடக்கட்டும். கால் தயங்கும், தயங்கட்டும். அந்தத் தயக்கத்தோடேயே மூன்று கேள்வி கேளுங்கள்: இதை வரைந்தவன் யார்? இதற்குப் பணம் கொடுத்தவன் யார்? நான் எங்கே நிற்க வேண்டும் என்று அவர்கள் முடிவு செய்தார்கள்? விடை கிடைக்கும்போது மேடை தன் உண்மை அளவுக்கு இறங்கிவிடும். பிறகு உங்கள் மனுவைப் படியுங்கள், உரத்துப் படியுங்கள்!